சான்றிதழில் அடிக்கப்பட்ட சொல்

(இயற்பியல் இரண்டாம் ஆண்டு மாணவி)

பெண் விடுதலை என்றதும் முத்துலட்சுமி ரெட்டியையும் சகோதரி சுப்புலட்சுமியையும் நினைவுகூர்கிறோம். அ. லலிதாவின் பெயரையோ இயற்பியல் பயிலும் நம்மிலேயே பலர் கேட்டதில்லை. இந்தியாவின் முதல் பெண் பொறியாளர்களுள் ஒருவர் அவர்.

1919இல் சென்னையில், தெலுங்குக் குடும்பமொன்றில் பிறந்தார். 15 வயதில் திருமணம். 18 வயதில் கணவரை இழந்தார். கையில் நான்கு மாதப் பெண் குழந்தை. அக்காலத்தில் கைம்பெண்ணுக்கு விதிக்கப்பட்டவை யாவை என்பதை நம் பாட்டிமார் நன்கறிவர்.

லலிதா மீண்டும் படிக்கத் துணிந்தார். மருத்துவம் பெண்களுக்குத் திறந்திருந்த துறைதான். எனினும் நள்ளிரவிலும் அழைப்பு வரும் தொழில் குழந்தையுள்ள தமக்கு ஒவ்வாது எனக் கருதினார். இராணி மேரிக் கல்லூரியில் இண்டர்மீடியட் முடித்து, கிண்டிப் பொறியியல் கல்லூரியை நாடினார். அங்கே மின்பொறியியல் பேராசிரியராக இருந்த தந்தை பப்பு சுப்பாராவ், முதல்வர் சாக்கோவிடம் பேசி இடம் பெற்றுத் தந்தார். நூற்றுக்கணக்கான ஆண்களிடையே ஒரே பெண்! பின்னர் லீலாம்மா ஜார்ஜ், தெரேசியா இருவரும் சிவில் பிரிவில் சேர்ந்தனர்.

1943இல் லலிதா பட்டம் பெற்றார். சான்றிதழில் ஆணைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லே அச்சாகியிருந்தது. அதனை அடித்துவிட்டுப் பெண்ணைக் குறிக்கும் சொல்லை மையால் எழுதித் தந்தனர். 'பெண்கள் சேரலாகாது' என்று எழுதி வைத்த விதியைக் காட்டிலும், பெண்ணொருத்தி வருவாள் என்றே எண்ணாமல் அச்சடித்த அந்தத் தாள்தான் எனக்குக் கொடியதாகப் படுகிறது. விதியென்றால் எதிர்த்து வாதாடலாமே!

1948 முதல் கல்கத்தாவில் ஒரு மின்சாதன நிறுவனத்தில் வடிவமைப்புப் பொறியாளராகப் பணியாற்றினார். பக்ரா நங்கல் அணையின் மின் பணிகளிலும் அவர் பங்குண்டு. 1964இல் நியூயார்க்கில் நடந்த முதல் உலகப் பெண் பொறியாளர், அறிவியலாளர் மாநாட்டில் கலந்துகொண்டார். 1979இல் மறைந்தார்.

தந்தை அதே கல்லூரிப் பேராசிரியராக இல்லாதிருப்பின் அந்தக் கதவு திறந்திருக்குமா? ஐயந்தான். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். எனக்காக முதல்வரிடம் பேச எவருமில்லை. விண்ணப்பத்தை நிரப்பித் தந்தவர் பள்ளி ஆசிரியை ஒருவர்.

நம் தணிகையில் தமிழும் தெலுங்கும் கலந்தே ஒலிக்கின்றன. 'பெண்ணுக்குக் கலியாணம் எப்போது?' என்னும் கேள்வியும் இரு மொழிகளிலும் வருகிறது. இவ்வாண்டு எங்கள் வீட்டுக்கும் வந்தது. லலிதாவின் கதையைச் சொன்னேன். "அந்தக் குழந்தையை யாரம்மா பார்த்துக்கிட்டாங்க?" என்றார் அம்மா. சரியான கேள்விதான், உடன்பிறந்தாரின் ஆதரவு இருந்தது என்றேன். எம்.எஸ்சி. முடியும்வரை வரன் பேச்சு வேண்டாம் என்று அப்பாவிடமும் சொல்லிவிட்டேன். அவர் இன்னும் பதில் சொல்லவில்லை.