பிள்ளைகளின் விளையாட்டும் கிராமத்தின் கடமையும்

பொறுப்பில்லாத ஒருவனை "விளையாட்டுப் பிள்ளை" என்று சொல்லுவது கிராம வழக்கம். இவ்வழக்கினாலேயே விளையாட்டென்பது வீண்பொழுது என்னும் எண்ணம் பெற்றோர் மனத்தில் வேரூன்றியிருக்கின்றது. பையன் வயலுக்குப் போனால் பிரயோஜனம், பள்ளிக்குப் போனால் பிரயோஜனம், தெருவில் ஆடினால் நஷ்டம் என்று கணக்கிடுவோர் பலர். இக்கணக்கு பிழையானது. உழவன் விதைக்குமுன் நிலத்தைப் பலசால் உழுகின்றான். அச்சமயம் ஒரு மணி நெல்லும் அவன் வீடு வந்து சேருவதில்லை. ஆயினும் அவ்வுழைப்பை வீணென்று ஒருவரும் சொல்லார். பிள்ளையின் உடலும் அறிவும் குணமும் பண்படுவதற்கு விளையாட்டு அத்தகைய உழவாகும்.

வயதும் விளையாட்டும்

பிறந்த குழந்தைக்குத் தாயின் முகமே முதல் விளையாட்டுப் பொருள். தாய் சிரித்துப் பேச, குழந்தை பதிலுக்கு ஓசையெழுப்புகின்றது; பேச்சுக்கு அதுவே தொடக்கம். எட்டு மாத அளவில், துணியால் மூடிய கிலுகிலுப்பையைக் குழந்தை துணியை விலக்கி எடுக்கின்றது. கண்ணுக்கு மறைந்த பொருளும் இருக்கின்றது என்னும் அறிவு இவ்வாறு பிறக்கின்றது.

இரண்டு வயதிற்குமேல் பாவனை விளையாட்டு தொடங்கும். கொட்டாங்கச்சி பானையாகவும், மணல் சோறாகவும், மரப்பாச்சி குழந்தையாகவும் மாறுகின்றன. ஒரு பொருளை வேறொரு பொருளாகக் கொள்ளும் இத்திறமை அற்பமானதன்று. எழுத்து ஓசையைக் குறிப்பதும், எண் பொருளின் தொகையைக் குறிப்பதும் இத்திறமையைக் கொண்டே பிள்ளைக்கு விளங்குகின்றன.

ஆறு வயதிற்குமேல் விதியுள்ள விளையாட்டுக்களில் மனம் செல்லும். பாண்டியில் ஒற்றைக்காலில் நிற்கும் பெண் உடலின் சமநிலையைப் பழகுகின்றாள். ஐந்து கல் ஆடுபவள் கண்ணும் கையும் ஒன்றுபட்டு இயங்கக் கற்கின்றாள். சடுகுடு ஆடும் சிறுவன் மூச்சை அடக்கவும், துணிந்து செல்லவும், தக்க சமயத்தில் திரும்பவும் அறிகின்றான்.

திண்ணையில் நடக்கும் கணக்குப் பாடம்

பல்லாங்குழியை எடுத்துக்கொள்ளலாம். அதில் பக்கத்துக்கு 7 வீதம் 14 குழிகள் உண்டு. குழிக்கு 5 முத்து இட்டால் மொத்தம் 70. எந்தக் குழியிலிருந்து எடுத்தால் கடைசி முத்து எங்கே விழும், வெறுங்குழிக்கு அப்பால் எத்தனை முத்து கிடைக்கும் என்று ஒவ்வொரு முறையும் மனக்கணக்காகப் பார்க்கவேண்டும். கூட்டல், கழித்தல், முன்யோசனை ஆகிய மூன்றையும் பிரம்பின்றிக் கற்பிக்கும் ஆட்டம் இது.

ஆடுபுலி ஆட்டத்தில் புலி 3, ஆடு 15. தனித்து நிற்கும் ஆட்டைப் புலி தாண்டி வெட்டிவிடும். ஆடுகள் ஒன்றையொன்று காத்து நெருங்கி நின்றால் புலி நகர இடமின்றி அடைபட்டுப்போகும். கூட்டுறவின் தத்துவத்தை இதனினும் சுருக்கமாக விளக்குவது அரிது.

விதியை உண்டாக்கும் கல்வி

சுவிட்சர்லாந்து தேசத்து அறிஞர் ழான் பியாஜே என்பவர் பிள்ளைகள் கோலி ஆடுவதைக் கவனித்து ஆராய்ந்து, 1932ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டார். சிறு பிள்ளைகள் விளையாட்டின் விதிகளைப் பெரியோர் இட்ட, மாற்றவொண்ணாத கட்டளைகளாக நினைக்கின்றனர் என்பதையும், பத்துப் பன்னிரண்டு வயதை நெருங்கியவர் அவற்றை ஆடுவோர் அனைவரும் ஒப்புக்கொண்ட உடன்படிக்கையாக அறிகின்றனர் என்பதையும் அவர் கண்டார்.

சங்க அங்கத்தினர் இதனை ஊன்றிக் கவனித்தல் வேண்டும். சங்கத்தின் உபவிதிகளும் அங்கத்தினர் தாமே ஒப்புக்கொண்ட உடன்படிக்கையே. அவற்றை மேலிருந்து வந்த கட்டளையென்று நினைப்பவன் மறைவில் மீறுவான். தானும் சேர்ந்து செய்துகொண்டதென்று நினைப்பவன் காவலின்றியும் காப்பான். கோலிக்குழியருகே "இது செல்லும், இது செல்லாது" என்று பிள்ளைகள் வாதாடுவது வெறுஞ்சண்டையன்று. அடிதடியாக மாறாதவரை, பெரியவர் குறுக்கிட்டுத் தீர்ப்புச் சொல்லாமல், அவர்களே முடிவுக்கு வருமாறு விடுவது நலம்.

சோறு மட்டும் போதுமா?

வயிறு நிறைந்தால் பிள்ளை தானே வளரும் என்பது பலருடைய எண்ணம். ஜமெய்க்கா தீவின் கிங்ஸ்டன் நகரில் 1986-87இல் தொடங்கிய ஒரு சோதனை இதற்குத் தக்க விடையளிக்கின்றது. போஷணைக் குறைவால் வளர்ச்சி குன்றிய 129 ஏழைக் குழந்தைகள் அதில் சேர்க்கப்பட்டனர். அவர்கள் வயது 9 முதல் 24 மாதம். ஒரு பகுதியினர்க்குப் பாலுணவு அளிக்கப்பட்டது. ஒரு பகுதியினர் வீட்டுக்குச் சுகாதாரப் பணிப்பெண் வாரம் ஒருமுறை சென்று, ஒரு மணி நேரம் குழந்தையோடு விளையாடி, அவ்வாறு விளையாடத் தாய்க்கும் கற்பித்தாள். வேறு ஒரு பகுதியினர் இரண்டும் பெற்றனர்; எஞ்சியோர் இரண்டும் பெறவில்லை. விளையாட்டுப் பொருள்கள் கடையில் வாங்கியவையல்ல. வீட்டில் கழித்த பொருள்களைக் கொண்டு செய்தவை. இது இரண்டாண்டு நடந்தது.

இரண்டாண்டு முடிவில் உணவும் விளையாட்டும் தனித்தனியே நன்மை செய்திருந்தன. இரண்டும் பெற்றவர் முன்னின்றனர். ஆனால் காலஞ்செல்லச் செல்ல, உணவு மட்டும் பெற்றவரிடம் அறிவு வளர்ச்சியில் கண்ட நன்மை மங்கியது; விளையாட்டுப் பயிற்சி பெற்றவரிடம் அது நிலைத்தது. சுமார் இருபதாண்டு கழித்து விசாரித்தபொழுது, அப்பயிற்சி பெற்றவர்களின் சம்பாத்தியம் அது பெறாதவர்களுடையதைவிட நூற்றுக்கு 25 பங்கு அதிகமாயிருந்தது. இந்த முடிவு 2014இல் வெளியாயிற்று. உணவு வேண்டாமென்பது இதன் பொருளன்று. உணவோடு விளையாட்டும் சேரவேண்டுமென்பதே பொருள்.

இடம், பொழுது, துணை

விளையாட்டுக்குப் பணம் அதிகம் வேண்டுவதில்லை. வேண்டுவன மூன்று.

முதலாவது இடம். மந்தைவெளி, களத்துமேடு, கோவில் திடல் முதலியவை முன்னே பிள்ளைகளுக்குத் தாமே கிடைத்தன. இவை ஆக்கிரமிப்பினாலும் குப்பையினாலும் ஆண்டுதோறும் சுருங்கிவருகின்றன. ஒரு முழமாக வேலி நகரும்பொழுது ஒருவரும் பேசுவதில்லை. முழுவதும் போனபின் பிள்ளைகள் பாட்டையில் ஆடி வண்டிகளுக்கு அஞ்சி ஓடுகின்றனர்.

இரண்டாவது பொழுது. 5 வயது முதல் 17 வரை உள்ளவர்களுக்கு நாளொன்றுக்குச் சராசரி 60 நிமிஷமாவது ஓடியாடும் உழைப்பு வேண்டுமென்று உலக சுகாதார ஸ்தாபனம் 2020இல் கூறியது. பெண்பிள்ளைகள் விஷயத்தில் இது விசேஷமாகக் கவனிக்கத்தக்கது. தம்பியை இடுப்பில் சுமப்பதும், தண்ணீர் எடுப்பதும், பாத்திரம் துலக்குவதும் எட்டு வயதிலேயே அவர்கள் தலையில் விழுகின்றன. அண்ணன் தெருவில் ஆட, தங்கை வாயிற்படியில் நின்று பார்ப்பது நியாயமாகாது.

மூன்றாவது துணை. நாள்தோறும் கால்மணி நேரம் தந்தை பிள்ளையோடு தாயம் உருட்டினாலும், பாட்டி கதையும் விடுகதையும் சொன்னாலும் போதும். அழும் குழந்தையின் கையில் கைப்பேசியைக் கொடுத்து அமர்த்துவது துணையாகாது. அதில் பார்வையன்றிக் கையும் காலும் வாயும் வேலை செய்வதில்லை.

இவற்றைக் கேட்கும் உரிமையும் பிள்ளைகளுக்கு உண்டு. ஐக்கிய நாடுகள் சபை 1989இல் ஏற்ற குழந்தை உரிமை உடன்படிக்கையின் 31ஆவது விதி விளையாடும் உரிமையைக் கூறுகின்றது. இந்தியா அதனை 1992இல் ஒப்புக்கொண்டது. 2009ஆம் ஆண்டின் கட்டாயக் கல்விச் சட்டம் பள்ளிக்கு விளையாட்டிடம் வேண்டுமென விதிக்கின்றது. 1975இல் தொடங்கிய குழந்தை வளர்ச்சித் திட்டத்தின்படி ஏற்பட்ட அங்கன்வாடிகளில் 3 முதல் 6 வயதுவரை உள்ளவர்க்கு விளையாட்டு வாயிலாகவே முன்பருவக் கல்வி அளித்தல் வேண்டும்.

ஜாக்கிரதை

மூன்று வயதிற்குட்பட்ட குழந்தைகளிடம் புளியங்கொட்டை, சோழி, குன்றிமணி முதலியவற்றைக் கொடுக்கலாகாது, தொண்டையில் அடைத்துக்கொள்ளும். குன்றிமணி நஞ்சுமாகும். கிட்டிப்புள் ஆட ஒதுக்கிடம் வேண்டும். கண்ணில் பட்டால் பார்வை போகும். பாழ்ங்கிணறுகளுக்குக் கைப்பிடிச் சுவரோ மூடியோ அமைத்தல் அவசியம்.

சங்கத்தார் செய்யத்தக்கவை

1. கிராமப் பொதுநிலத்தில் விளையாட்டிடத்தின் எல்லையை அளந்து கல் நாட்டுமாறு கிராம சபையில் தீர்மானம் கொண்டுவருதல்.

2. நிழல்தரும் வேம்பும் புங்கும் அதன் ஓரங்களில் நட்டுக் காத்தல்.

3. உபவிதிகள் இடங்கொடுக்குமாயின், பொதுநன்மை நிதியிலிருந்து பந்து, கயிறு, ஊஞ்சல் ஆகியவற்றை அங்கன்வாடிக்கு வாங்கிக் கொடுத்தல்.

4. பனங்காய் வண்டி, ஓலைக் காற்றாடி, களிமண் செப்பு முதலியன செய்யவறிந்த முதியோரைக் கொண்டு, மாதம் ஒருநாள் பிள்ளைகளுக்குக் கற்பித்தல்.

கூட்டத்தில் ஆலோசிப்பதற்குரிய வினாக்கள்

1. இருபதாண்டுக்குமுன் இக்கிராமத்தில் பிள்ளைகள் ஆடிய இடங்கள் எவை? அவற்றுள் எஞ்சியவை எத்தனை?

2. அங்கத்தினர் வீடுகளில் பெண்பிள்ளைகளுக்கு நாளொன்றுக்கு எத்தனை நாழிகை விளையாட ஓய்வு கிடைக்கின்றது?

3. விளையாட்டிடத்தைத் துப்புரவாக வைக்கும் பொறுப்பை எந்தத் தெருவார் எந்த மாதத்தில் ஏற்பது?

கடனும் விதையும் உரமும் ஓராண்டின் விளைச்சலைக் கருதுவன. இன்று திடலில் ஆடும் பிள்ளைகளே பதினைந்தாண்டில் சங்கத்தின் அங்கத்தினராகப் போகின்றவர்கள். ஆகையால் அடுத்த பொதுக்கூட்டத்தின் நிகழ்ச்சிநிரலில் விளையாட்டிடத்தைப் பற்றிய விஷயத்தையும் ஒன்றாகச் சேர்த்துக்கொள்ளுதல் சங்கத்தாரின் கடமையாகும்.