கேமரா பொருத்தும் தம்பிக்கு



ஒயர் இழுக்கவும் டிவிஆர் செட்டப் செய்யவும் கடையிலேயே சொல்லிக்கொடுத்துவிடுவார்கள். அங்கே பேச்சில் வராத ஒன்றைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

அமெரிக்காவின் டெக்சாஸில் ஏடிடி என்ற நிறுவனத்துக்காக வீடுவீடாகக் கேமரா பொருத்திவந்தார் ஒரு டெக்னீஷியன். 'டெஸ்ட் செய்ய வேண்டும், கொஞ்ச நாளைக்குத்தான்' என்று சிலரிடம் சொல்லியும், சிலரிடம் சொல்லாமலும், அவர்களுடைய கணக்கில் தன் மின்னஞ்சலைச் சேர்த்துவிடுவார். நான்கரை ஆண்டுகளில் சுமார் 200 கணக்குகளுக்குள் 9,600 தடவைக்கு மேல் நுழைந்து, வீட்டுக்குள் இருந்த பெண்களையும் தம்பதிகளையும் பார்த்திருக்கிறார். 2021-இல் குற்றத்தை ஒப்புக்கொண்டார். 52 மாதச் சிறை. இதில் ஹேக்கிங் என்று எதுவுமே இல்லை, தம்பி. நம்பிக் கதவைத் திறந்துவிட்ட வீடுகள் அவை.

நம் ஊரில் என்ன நடக்கிறது? கேமராவின் கியூஆர் கோடை டெக்னீஷியன் தன் போனில் இருக்கும் ஆப்பில் ஸ்கேன் செய்து, தன் நம்பரிலேயே கணக்குத் தொடங்கி, வீட்டுக்காரருக்கு 'ஷேர்' போட்டுவிட்டுக் கிளம்பிவிடுகிறார். அவசரம்தான் காரணம், கெட்ட எண்ணம் இருக்காது. ஆனாலும் அந்த ஆப்பைப் பொறுத்தவரை கேமராவுக்குச் சொந்தக்காரர் அவர்தான். வீட்டுக்காரர் வெறும் விருந்தாளி. நீ அப்படிச் செய்யாதே. அவர் போனில், அவருக்கு வரும் ஓடிபியை அவரே போட்டுத் தொடங்கட்டும். கூடுதலாகப் பத்து நிமிடம் ஆகும். ஆகட்டும்.

பாஸ்வேர்டையும் அவரையே மாற்றவை. 2016-இல் பரவிய மிராய் என்ற வைரஸ், கம்பெனியிலிருந்து வரும் அறுபது சொச்சம் பெயர்-பாஸ்வேர்டு ஜோடிகளைத்தான் வரிசையாகப் போட்டுப் பார்த்தது. அதற்கே உலகெங்கும் லட்சக்கணக்கான கேமராக்களும் டிவிஆர்களும் ரூட்டர்களும் திறந்துகொண்டன. அந்த ஆண்டு அக்டோபர் 21 அன்று அவற்றைக் கொண்டு, இணையதளப் பெயர்களுக்கு வழிகாட்டும் டைன் என்ற நிறுவனத்தைத் தாக்க, ட்விட்டரும் நெட்ஃப்ளிக்ஸும் பலருக்கு முடங்கிப்போயின. சில கருவிகளில் உள்ளே பதிந்த பாஸ்வேர்டை மாற்றவே வழியில்லை. விலை மலிவு என்று அப்படிப்பட்டதை யார் தலையிலும் கட்டாதே.

கேமரா எந்த இடத்தில் இருக்கிறது என்பதையும் பார். குஜராத்தின் ராஜ்கோட்டில் ஒரு மகப்பேறு மருத்துவமனையில் பெண்களைப் பரிசோதிக்கும் அறையின் காட்சிகள் 2025 பிப்ரவரியில் யூடியூபிலும் டெலிகிராமிலும் வெளிவந்தன. திருடியவர்களைப் போலீஸ் பிடித்தது. ஆனால் அந்த அறைக்குள் ஏணி போட்டு ஏறி, கேமராவை மாட்டியது யாரோ ஒரு டெக்னீஷியன்தானே? பரிசோதனை அறை, உடை மாற்றும் அறை என்று ஆர்டர் வந்தால், 'வாசலில் போடுகிறேன், உள்ளே முடியாது' என்று முகத்துக்கு நேரே சொல். கடை முதலாளி கோபித்துக்கொண்டால் என் பெயரைச் சொல். நான் வந்து பேசுகிறேன்.

அன்புடன்,
உன் அண்ணன்