யூரியேஸ்: சொல்லும் பொருளும் பயனும்

ஒவ்வொரு தொழிலுக்கும் அதற்கே உரிய சொற்கள் உண்டு. மடை, மதகு, நாற்றங்கால், தாளடி என்னும் சொற்களின் பொருளை அறியாதவர் உழவுத் தொழிலை அறிந்தவர் ஆகமாட்டார். அவ்வாறே உயிர்வேதியியல் என்னும் விஞ்ஞானத் துறைக்கும் தனிச் சொற்கள் பல உண்டு. அவற்றுள் பெரும்பாலானவை ஆராய்ச்சிக் கூடத்தின் வாயிலோடு நின்றுவிடுகின்றன. ஆயினும் அவற்றுள் ஒன்று நமது வயலிலும் தொழுவத்திலும் வைக்கோற் போரிலும் நாள்தோறும் வேலை செய்யும் பொருளைக் குறிக்கின்றது. அச்சொல்லே ‘யூரியேஸ்’ என்பது. இதன் பொருளை நன்கு உணர்ந்துகொண்டால், விலை கொடுத்து வாங்கிய உரம் காற்றோடு கலந்து போவதைக் குறைக்கலாம். கறவை மாட்டின் உயிரைக் காக்கவும் இயலும். ஆதலின் இச்சொல்லை விவசாயிகளுக்கும் பஞ்சாயத்து உறுப்பினர்களுக்கும் ஒரு பாடமாக விளக்க முற்படுகின்றோம்.

நொதி என்பது யாது?

யூரியேஸ் என்பது ஒரு நொதி. எனவே முதலில் நொதி என்பதன் பொருளைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். அரைத்து வைத்த மாவு இரவில் பொங்கிப் புளிப்பதையும், இறக்கிய பதநீர் சுண்ணாம்பு இல்லாவிடில் நுரைத்துக் கள்ளாவதையும் நாம் அறிவோம். இம்மாறுதலையே நொதித்தல் என்கின்றோம். ஜெர்மனி நாட்டு அறிஞர் வில்ஹெல்ம் கூனே என்பவர் 1870-களின் பிற்பகுதியில், இத்தகைய மாறுதல்களைச் செய்யும் பொருளுக்கு ‘என்சைம்’ என்று பெயரிட்டார். ‘புளித்த மாவில் உள்ளது’ என்பது அக்கிரேக்கச் சொல்லின் பொருள். நொதித்தல் என்னும் வினையிலிருந்து அமைந்த ‘நொதி’ என்னும் தமிழ்ச்சொல்லும் அதே கருத்தைத் தாங்கி நிற்கின்றது.

இங்கே ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். பாலில் இடும் உறைமோரில் உயிருள்ள நுண்கிருமிகள் இருக்கின்றன, அவை பெருகுகின்றன. நொதியோ உயிருள்ள பொருள் அன்று. உயிர்கள் தம் வேலைக்காக உண்டாக்கிக்கொள்ளும் ஒருவகைப் புரதமே அது. 1897-ஆம் ஆண்டில் எட்வர்ட் புக்னர் என்பவர் ஈஸ்ட்டை அரைத்துப் பிழிந்து, உயிரணு எதுவும் இல்லாத சாற்றைக்கொண்டே சர்க்கரையை நொதிக்கச் செய்து காட்டினார். இதற்காக 1907-ஆம் ஆண்டு நோபெல் பரிசும் பெற்றார்.

நொதியின் மற்றோர் இயல்பு, வேலை செய்வதனால் தான் தீர்ந்துபோகாமை ஆகும். ஓர் அரிவாள் ஒரு கட்டுக் கதிரை அறுத்த பிறகு அடுத்த கட்டையும் அறுக்கின்றது அன்றோ? அதுபோல் சிறிதளவு நொதி பேரளவான பொருளை மாற்ற வல்லது. கடுமையாகச் சூடேற்றினால் தன் ஆற்றலை இழந்துவிடும்.

பெயர் அமைந்த முறை

1833-ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டவராகிய பாயன், பெர்சோ என்னும் இருவர், முளைகட்டிய தானியத்திலிருந்து மாவுப்பொருளைச் சர்க்கரையாக்கும் ஒரு பொருளைப் பிரித்து, ‘டயஸ்டேஸ்’ என்று பெயரிட்டனர். அப்பெயரின் ஈறாகிய ‘ஏஸ்’ என்பதையே நொதிகளுக்கெல்லாம் பொது ஈறாகக் கொள்ளலாம் என்று 1898-ஆம் ஆண்டில் எமில் டுக்ளோ என்னும் மற்றொரு பிரெஞ்சு அறிஞர் எடுத்துரைத்தார். எப்பொருளின்மீது நொதி வேலை செய்கின்றதோ அப்பொருளின் பெயரோடு இவ்வீற்றைச் சேர்க்க வேண்டும். செல்லுலோசைச் சிதைப்பது செல்லுலேஸ். புரதமாகிய புரோட்டீனைச் சிதைப்பது புரோட்டியேஸ். யூரியாவைச் சிதைப்பது யூரியேஸ். பெப்சின், டிரிப்சின் போன்ற பழம்பெயர்கள் சில இவ்விதிக்கு விலக்காக நிலைத்துவிட்டன.

நிலத்துக்குச் சர்வே எண் இருப்பதுபோல் நொதிகளுக்கும் எண் உண்டு. 1961-ஆம் ஆண்டில் சர்வதேச நொதிக் குழு இம்முறையை வெளியிட்டது. யூரியேசின் எண் 3.5.1.5 என்பதாகும். இதில் முதலில் நிற்கும் 3 என்பது நீரின் துணைகொண்டு ஒரு பொருளைப் பிளக்கும் நொதி என்பதைக் காட்டும். மற்ற எண்கள் உட்பிரிவுகளைக் காட்டுவன.

அவரை விதையில் கிடைத்த படிகம்

நொதி இன்ன பொருள் என்பது 1926 வரை ஐயத்துக்கு இடமாகவே இருந்தது. அமெரிக்காவில் கார்னெல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜேம்ஸ் சம்னர் அந்த ஐயத்தைத் தீர்த்தார். இளமையில் வேட்டையின்போது நேர்ந்த விபத்தில் இடக்கையை இழந்தவர் இவர். அதுவரை இடக்கைப் பழக்கமுடையவராக இருந்த இவர், வலக்கையால் எல்லாம் செய்யப் பழகிக்கொண்டார். நமது தம்பட்டங்காயின் இனத்தைச் சேர்ந்த ஓர் அவரையின் விதைமாவைக்கொண்டு சுமார் ஒன்பது ஆண்டுகள் முயன்று, யூரியேசைத் தூய படிகமாகப் பிரித்தெடுத்தார். அது புரதமே என்றும் நிறுவினார். உலகில் முதன்முதலாகப் படிகமாக்கப்பெற்ற நொதி இதுவே. 1946-ஆம் ஆண்டின் வேதியியல் நோபெல் பரிசில் பாதி இவருக்கு வழங்கப்பெற்றது. இந்நொதியில் நிக்கல் என்னும் உலோகம் இருப்பது 1975-இல் கண்டறியப்பட்டது.

வயலில் யூரியேஸ்

யூரியாவில் நூற்றுக்கு 46 பங்கு தழைச்சத்து உண்டு. 45 கிலோ மூட்டை ஒன்றில் 20 கிலோவுக்குச் சற்று மேற்பட்ட தழைச்சத்து இருக்கின்றது. மண்ணிலுள்ள நுண்ணுயிர்களும் மட்கும் தாவரப் பகுதிகளும் வெளிப்படுத்திய யூரியேஸ் எல்லா நிலங்களிலும் இருக்கின்றது. அது யூரியாவை நீருடன் சேர்த்துப் பிளந்து, அம்மோனியாவாகவும் கரியமில வாயுவாகவும் ஆக்குகின்றது. நொதி இல்லையேல் வெறும் நீரில் யூரியா சிதையப் பல ஆண்டுகள் ஆகும்; வெப்பமும் ஈரமும் உள்ள நமது மண்ணிலோ இவ்வேலை சில நாள்களில் முடிந்துவிடுகின்றது.

இவ்வேலை பயிருக்குத் தேவையானதே. இதைத் தீமை என்று கருதலாகாது. வேலை நடைபெறும் இடமே நன்மை தீமையை நிர்ணயிக்கின்றது. மண்ணுக்குள்ளே நடந்தால், பிறக்கும் அம்மோனியாவைக் களிமண் துகள்கள் பற்றிக்கொள்ளும். பயிரின் வேர் அதனை உண்ணும். மண்ணின் மேற்பரப்பில் நடந்தால், அம்மோனியா வாயுவாகிக் காற்றில் கலந்துவிடும். சுண்ணாம்பு மிகுந்த நிலத்திலும் களர் நிலத்திலும் இந்த இழப்பு அதிகம். வயலில் தேங்கிய நீரில் பாசி படர்ந்திருந்தால், பகலில் அந்நீர் காரத்தன்மை அடைவதால் அங்கும் இழப்பு மிகும்.

ஆகவே நாம் செய்யத்தக்கவை இவை. முழு யூரியாவையும் ஒரே வேளையில் இடாமல், பயிரின் பருவத்துக்கேற்பப் பிரித்து இட வேண்டும். புன்செய்ப் பயிருக்கு யூரியாவை இட்டவுடன் மண்ணால் மூட வேண்டும். அல்லது அளவாக நீர் பாய்ச்சி அதனை மண்ணுக்குள் இறக்க வேண்டும். நெல் வயலில் தேங்கிய நீரை வடித்து, சேற்றில் யூரியாவை இட்டு, ஓரிரு நாள் கழித்து மீண்டும் நீர் கட்ட வேண்டும். ஈரமான மேற்பரப்பில் யூரியாவைத் தூவிவிட்டுக் கடும் வெயிலில் அப்படியே விட்டுவிடுதல் பணத்தைக் காற்றில் விடுவதற்கு ஒப்பாகும்.

தொழுவத்திலும் வைக்கோலிலும்

காலையில் தொழுவத்தினுள் நுழையும்போது மூக்கைத் துளைக்கும் நெடியும் யூரியேசின் வேலையே. மாட்டின் சிறுநீரில் யூரியா இருக்கின்றது. சாணத்திலுள்ள நுண்ணுயிர்களிடம் யூரியேஸ் இருக்கின்றது. இரண்டும் கலந்தவுடன் அம்மோனியா பிறக்கின்றது. அந்த நெடி நமது எருக்குழிக்குச் சேரவேண்டிய தழைச்சத்தே என்பதை உணர வேண்டும். தரையில் உலர்ந்த மண்ணையோ கூளத்தையோ பரப்பிச் சிறுநீரை உறிஞ்சச் செய்து, அதனை அன்றாடம் எருக்குழியில் சேர்த்து மூடிவைத்தால் சத்தும் மிஞ்சும், தொழுவமும் சுத்தமாகும்.

இதே நொதியை நமக்கு ஏவல் செய்யவும் வைக்கலாம். 100 கிலோ உலர்ந்த வைக்கோலுக்கு 4 கிலோ யூரியாவை 40 முதல் 60 லிட்டர் நீரில் முற்றிலும் கரைத்து, அடுக்கடுக்காகத் தெளித்து மிதித்து, காற்றுப் புகாதபடி தார்ப்பாயினால் மூடி 21 நாள்கள் வைக்க வேண்டும். வைக்கோலில் உள்ள நுண்ணுயிர்களின் யூரியேஸ் அம்மோனியாவை உண்டாக்க, அது வைக்கோலின் கடினமான நாரை இளக்குகின்றது. வைக்கோல் எளிதில் செரிக்கத் தக்கதாகி, புரதச்சத்தும் கூடுகின்றது. தீனியாக இடுமுன் வைக்கோலைப் பரப்பி நெடி நீங்கும்வரை காற்றாட விட வேண்டும். ஆறு மாதத்துக்கு உட்பட்ட கன்றுகளுக்கு இதைக் கொடுக்கலாகாது.

உயிருக்கு வரும் ஆபத்து

வைக்கோலில் அளவோடு, 21 நாள் பொறுத்துச் செய்வதை மாட்டின் வயிற்றில் ஒரே நொடியில் செய்ய முற்படலாகாது. மாடு, ஆடு இவற்றின் பெருவயிற்றில் வாழும் நுண்ணுயிர்களிடமும் யூரியேஸ் மிகுதி. கால்நடை யூரியாவை நக்கினாலும், உரம் கரைத்த தொட்டி நீரைக் குடித்தாலும், அம்மோனியா திடீரெனப் பெருகி இரத்தத்தில் ஏறிவிடும். உடல் நடுக்கம், வாயில் நுரை, வயிறு உப்புதல், தள்ளாட்டம் ஆகியவை தோன்றிச் சில மணி நேரத்தில் இறப்பும் நேரிடலாம். இக்குறிகளைக் கண்டதும் தாமதமின்றிக் கால்நடை மருத்துவரை அழைக்க வேண்டும். மருத்துவர் காடியும் குளிர்ந்த நீரும் புகட்டுவதற்குக் காரணம் உண்டு. குளிர்ச்சி யூரியேசின் வேகத்தைக் குறைக்கின்றது. காடியின் புளிப்பு அம்மோனியா இரத்தத்தில் சேர்வதைக் குறைக்கின்றது. வேகவைக்காத சோயா மொச்சையிலும் யூரியேஸ் உள்ளதால், யூரியா சேர்த்த தீவனத்தோடு அதைக் கலக்கலாகாது.

சொல்லைப் பிழையின்றி வழங்குதல்

யூரியா சரக்கு, யூரியேஸ் அதன்மீது வேலை செய்யும் ஆள். இரண்டையும் ஒன்றாகக் கருதலாகாது. 2015-ஆம் ஆண்டு முதல் நம் நாட்டில் உற்பத்தியாகும் யூரியா வேப்பெண்ணெய் பூசியே வருகின்றது. வேம்பு முக்கியமாகத் தடுப்பது யூரியேசை அன்று. அம்மோனியா நைட்ரேட்டாக மாறும் அடுத்த கட்டத்தையே அது தாமதப்படுத்துகின்றது. ஆதலின் ‘வேம்பு பூசிய உரந்தானே, மேலே தூவினால் என்ன?’ என்று எண்ணுதல் தவறு.

இரத்தப் பரிசோதனைச் சீட்டில் ‘யூரியா’ என்று காண்பதும் வயலில் இட்ட உரம் உடம்பில் சேர்ந்தது என்று பொருள்படாது. நமது உடல் புரதத்தைச் செலவிடும்போது இயல்பாகப் பிறக்கும் கழிவே அது. அதனை அளப்பதற்கும் பரிசோதனைக் கூடங்களில் யூரியேஸ் பயன்படுகின்றது.

‘என்சைம்’ என்று எழுதிய புட்டிகள் கடைகளில் விற்பனைக்கு வருகின்றன. அவற்றை வாங்குமுன், எந்த நொதி, எப்பொருளின்மீது வேலை செய்வது, எவ்வளவு இருக்கின்றது என்னும் மூன்று கேள்விகளைக் கேட்க வேண்டும். நொதியின் பெயரே அதன் வேலையைச் சொல்லும் என்பதை மேலே கண்டோம். பெயரைச் சொல்லாத நொதிக்கு விலை கொடுப்பானேன்?

பஞ்சாயத்து உறுப்பினர்கள் கிராமசபைக் கூட்டங்களில் இச்செய்திகளை எடுத்துரைத்தல் நலம். உரமூட்டைகளைக் கால்நடைகளுக்கு எட்டாத இடத்தில் வைத்தல், உரம் கலந்த தொட்டியில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டாதிருத்தல், யூரியாவை மண்ணுக்குள் சேர்த்தல் ஆகிய மூன்றையும் ஊர்வழக்கமாக ஆக்கிவிட்டால், கண்ணுக்குத் தெரியாத யூரியேஸ் நமக்குப் பகையாகாமல் உற்ற துணையாகவே நின்று உழைக்கும்.