எலியும் மூங்கிலும் தேனீயும் நடத்தும் டிசைன் வகுப்பு



‘டிசைன்’ என்றதும் நம்மில் பலருக்கு டிராயிங் போர்டும், டேட்டா புத்தகமும், பரீட்சையில் கடைசியாக வரும் அந்த நீளமான கணக்கும்தான் ஞாபகத்துக்கு வரும். ‘கொடுக்கப்பட்டவை’ என்று தலைப்புப் போட்டு நாலு எண்களை எழுதிவிட்டு, உடனே ஃபார்முலாவைத் தேடுவோம். ஆனால் ஃபார்முலாவுக்கு முன்னால் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது. இந்தப் பொருள் ஏன் இந்த வடிவத்தில் இருக்கிறது? வேறு மாதிரி ஏன் இல்லை?

ஒரு பொருள் செய்ய வேண்டிய வேலையும், அதைச் சுற்றி நிற்கும் கட்டுப்பாடுகளும் சேர்ந்துதான் அதன் வடிவத்தைத் தீர்மானிக்கின்றன என்பது என் கருத்து. கட்டுப்பாடு என்றாலே நமக்கெல்லாம் ஹாஸ்டல் வார்டன் ஞாபகம்தான் வரும்! ஆனால் டிசைனில் பாதி வேலையைச் செய்து கொடுப்பதே அதுதான். எப்படி என்று பார்ப்போமா?

எலியைப் பெரிதாக்கினால்...

சினிமாவில் எலியை யானை அளவுக்குப் பெரிதாக்கிக் காட்டுகிறார்கள். நிஜத்தில் முடியுமா? கணக்குப் போடுவோம். ஓர் எலியை எல்லாப் பக்கமும் சரியாகப் 10 மடங்கு பெரிதாக்குகிறோம். நீளம் 10 மடங்கு. எலும்பின் குறுக்குவெட்டுப் பரப்பு 100 மடங்கு. ஆனால் எடை? கன அளவைப் பொறுத்ததால் 1,000 மடங்கு! 1,000 மடங்கு பளுவை 100 மடங்கு பரப்புத் தாங்க வேண்டும். ஆக, எலும்பில் ஸ்ட்ரெஸ் 10 மடங்கு ஏறிவிட்டது. விலங்குகளின் எலும்புகளுக்கு, ஓடும்போதும் தாவும்போதும் வரும் பளுவைப்போல் சுமார் 2 முதல் 4 மடங்கு வரை தாங்கும் சக்திதான் உண்டு. நம் ராட்சத எலி இரண்டடி ஓடினால் கால் முறிந்துவிடும்.

இதை முதலில் தெளிவாக எழுதியவர் கலிலியோ. 1638-ல் வெளிவந்த தன் நூலில், சிறிய எலும்பையும் அதே வேலையைப் பெரிய உடலில் செய்ய வேண்டிய எலும்பையும் பக்கத்தில் பக்கத்தில் படமாக வரைந்து காட்டினார். பெரியது நீளத்தைவிடத் தடிமனில் பல மடங்கு பருத்து, விகாரமாக இருக்கும்.

இயற்கை இன்னொரு தந்திரமும் செய்கிறது. எலி காலை மடக்கிக் குனிந்து நிற்கிறது. யானையோ காலைத் தூண் மாதிரி நேராக ஊன்றி நிற்கிறது. எலும்பில் வளைவு விசை குறைந்து, பளு நேராகக் கீழே இறங்குகிறது. அதற்கு யானை கொடுக்கும் விலை, வளர்ந்த யானையால் குதிக்க முடியாது! ஒரு கட்டுப்பாட்டைச் சமாளித்தால் இன்னொன்று வந்து நிற்கும்.

200 அடியின் விலை

“அதெல்லாம் ஜூவாலஜிப்பா, நமக்கு எதுக்கு?” என்று கேட்பவர்களுக்காக ஒரு பாலத்தின் கதை.

கனடாவில் செயின்ட் லாரன்ஸ் ஆற்றின் குறுக்கே கியூபெக் பாலம் திட்டமிடப்பட்டது. நடு இடைவெளி முதலில் 1,600 அடி. பிறகு தூண்களைக் கரைப் பக்கமாக நகர்த்தி அதை 1,800 அடியாக்கினார்கள். கூடுதல் 200 அடிதான், எட்டில் ஒரு பங்கு. ஆனால் நம் எலிக் கணக்கை இங்கே போட்டுப் பாருங்கள். எல்லா அளவையும் ஒரே விகிதத்தில் எட்டில் ஒரு பங்கு கூட்டினால் எடை 42 சதவீதம் ஏறும். அதைத் தாங்கும் குறுக்குவெட்டுப் பரப்பு ஏறுவது 27 சதவீதம்தான்.

அங்கே நடந்தது என்ன? நீளம் மாறிய பிறகும் பாலத்தின் சொந்த எடையை முறையாகத் திரும்பக் கணக்கிடவில்லை. எடை கூடிவிட்டது என்று தெரிந்தபோது வேலை வெகுதூரம் போயிருந்தது. பரவாயில்லை என்று தொடர்ந்தார்கள். அழுத்தத்தைத் தாங்க வேண்டிய கீழ் உறுப்புகளின் பின்னல் இணைப்புகளும் பலவீனமாக இருந்தன. அந்த உறுப்புகள் வளையத் தொடங்கியதைக் கண்ணால் பார்த்தும் வேலை நிற்கவில்லை. 1907 ஆகஸ்ட் 29 மாலை, வேலை முடியும் நேரம். சில விநாடிகளில் பாலம் சரிந்தது. 75 தொழிலாளர்கள் இறந்தார்கள்.

மறுபடி கட்டும்போது 1916-ல் நடுப்பகுதி ஆற்றில் விழுந்து மேலும் 13 பேர் இறந்தார்கள். 1917-ல் பாலம் முடிந்தது. உறுப்புகள் முன்னதைவிட மிகவும் பருமன். கலிலியோ வரைந்த அந்த விகாரமான எலும்பு ஞாபகம் வருகிறதல்லவா? அழகுக்காக யாரும் அப்படிப் பருமனாக்கவில்லை. இன்றும் உலகிலேயே நீளமான நடு இடைவெளி கொண்ட கேன்டிலீவர் பாலம் அதுதான்.

மூங்கிலுக்குள் ஏன் வெற்றிடம்?

அடுத்து நமக்கு நன்றாகத் தெரிந்த ஷாஃப்ட். 50 மி.மீ. விட்டமுள்ள திட ஷாஃப்டை எடுத்து, நடுவில் 25 மி.மீ. துளை போடுகிறோம். எடையில் எவ்வளவு குறையும்? விட்டத்தின் இருமடியைப் பொறுத்தது, ஆகவே கால்வாசி, அதாவது 25 சதவீதம். முறுக்கைத் தாங்கும் சக்தியில் எவ்வளவு குறையும்? இங்கே விட்டத்தின் நான்காம் மடி வருகிறது. பாதியின் நான்காம் மடி பதினாறில் ஒன்று. வெறும் 6.25 சதவீதம்! கால்வாசி இரும்பு மிச்சம், பலமோ கிட்டத்தட்ட அப்படியே. மையத்துக்குப் பக்கத்தில் இருக்கிற உலோகம் சும்மா உட்கார்ந்து சம்பளம் வாங்குகிற ஆள் மாதிரிதான்.

வளைவுக்கும் இதே கணக்குத்தான். காற்றில் ஆடியும் ஒடியாமல் உயரமாக நிற்க வேண்டிய மூங்கில், பறந்தாக வேண்டிய பறவையின் எலும்பு, நாம் மிதிக்கிற சைக்கிளின் ஃப்ரேம் மூன்றும் ஒரே விடைக்கு வந்து சேர்ந்தது இப்படித்தான்.

“அப்படியானால் துளையை 48 மி.மீ. ஆக்கிவிடலாமே?” ஆக்கலாம். ஆனால் சுவர் மெலிந்தால் ஸ்ட்ராவை வளைத்த மாதிரி நசுங்கி மடிந்துவிடும். மூங்கில் அதற்கும் வழி வைத்திருக்கிறது. கணுவுக்குக் கணு உள்ளே ஒரு குறுக்குத் தடுப்பு! குழல் நசுங்காமல் அது பிடித்துக்கொள்கிறது.

வெற்றாக இருப்பதெல்லாம் எடை குறைக்க என்றும் நினைத்துவிடாதீர்கள். நம்ம ஒர்க்‌ஷாப் லேத்தின் ஸ்பிண்டிலும் வெற்றுத்தான். அங்கே முக்கியக் காரணம், நீளமான ராடை உள்ளே நுழைத்துப் பிடிக்க வேண்டும் என்பது. வடிவம் ஒன்று, காரணம் வேறு. அதனால்தான் முதலில் ‘வேலை என்ன’ என்று கேட்க வேண்டும்.

தேனீயின் ஜியோமிதி

தேனீ மெழுகு உண்டாக்க, அந்த மெழுகின் எடையைவிடப் பல மடங்கு தேனைச் சாப்பிட வேண்டும். ஆகவே குறைந்த மெழுகில் நிறைய அறைகள், இடைவெளி விடாமல் வேண்டும். ஒரே வகை ஒழுங்குப் பலகோணத்தால் தரையை இடைவெளியின்றி நிரப்ப மூன்றே வழி: முக்கோணம், சதுரம், அறுகோணம். இவற்றின் கோணங்கள் 60, 90, 120. மூன்றும் 360-ஐ மீதமின்றி வகுக்கும். ஐங்கோணத்தின் 108 வகுக்காது. இனி சுற்றளவு. ஒரு சதுர அலகுப் பரப்பை அடைக்க முக்கோணத்துக்கு 4.56, சதுரத்துக்கு 4, அறுகோணத்துக்கு 3.72. தேனீயின் தேர்வு புரிகிறதா?

சமமான பரப்புகளாகத் தரையைப் பிரிக்க எந்த வடிவமும் அறுகோணத்தை வெல்ல முடியாது என்று பழங்காலத்திலிருந்தே நம்பினார்கள். முழுமையாக நிரூபித்தவர் தாமஸ் ஹேல்ஸ், 1999-ல்தான்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. தேனறையின் அடிப்பாகம் மூன்று சாய்சதுரங்களால் ஆனது. இதைவிடச் சிக்கனமான அடிப்பாகம் ஒன்று உண்டு என்று ஹங்கேரியக் கணித அறிஞர் ஃபெயெஷ் டோத் 1964-ல் காட்டினார். மிச்சமாவது ஒரு சதவீதத்துக்கும் கீழே! அதற்காகச் சிக்கலான வடிவத்தைக் கட்டுவது தேனீக்கு லாபமா? வகுப்பில் விவாதிக்க நல்ல தலைப்பு.

பழையதும் ஒரு கட்டுப்பாடு

ஒட்டகச்சிவிங்கியின் மூளையிலிருந்து குரல்வளைக்குப் போகும் நரம்பு ஒன்று, கழுத்து நெடுக இறங்கி, இதயத்தருகே பெரிய ரத்தக்குழாயைச் சுற்றிக்கொண்டு மறுபடி மேலே ஏறுகிறது. சில அங்குலத்தில் முடிய வேண்டிய பயணம் மீட்டர் கணக்கில் நீள்கிறது. மீன் போன்ற மூதாதைகளில் அது நேர்வழியாக இருந்தது. கழுத்து நீள நீள வழியும் நீண்டது. இயற்கையால் பழைய டிராயிங்கைக் கிழித்துப்போட முடியாது, திருத்தத்தான் முடியும்.

நாம் மட்டும் என்ன? 1853-ல் பம்பாய் - தாணா ரயில் ஓடிய அதே 1,676 மி.மீ. அகலத் தண்டவாளத்தில்தான் இன்றைய வந்தே பாரத்தும் ஓடுகிறது. பாலம், சுரங்கம், பெட்டி எல்லாம் அந்த அளவுக்குக் கட்டியாகிவிட்டதே!

நாம் செய்ய வேண்டியது

ஜூனியர் நண்பர்களே, அடுத்த வருடம் நீங்கள் புராஜெக்ட் எடுப்பீர்கள். மேஜைமேல் மாடல் ஜோராக ஓடும். “இதையே பெருசா செஞ்சா ஃபேக்டரிக்கே போதும்டா” என்று யாராவது சொல்வான். அப்போது எலியை நினைத்துக்கொள்ளுங்கள். ராட்டு அடிக்கும் முன்பே ஒரு வெள்ளைத்தாளில் நாலு கேள்விக்குப் பதில் எழுதுங்கள். இதன் வேலை என்ன? பெரிதாக்கினால் எது எத்தனையாவது மடியில் ஏறும்? எந்தப் பொருள் சும்மா உட்கார்ந்திருக்கிறது? ஏற்கெனவே இருக்கிற எதோடு இது பொருந்தியாக வேண்டும்?

ஒரு அளவு மாறினாலும் அந்தத் தாளை மறுபடி எடுங்கள். முதல் கேள்வியிலிருந்து தொடங்குங்கள். சோம்பலாகத்தான் இருக்கும். ஆனால் நாளை நாம் கையெழுத்துப் போடுகிற டிராயிங்கை நம்பி யாரோ ஒரு தொழிலாளி அதன்மேல் ஏறி நிற்பார். அவருக்கு நம் மார்க் ஷீட் தெரியாது. நம் கணக்குதான் அவரைத் தாங்க வேண்டும்.

- மூன்றாம் ஆண்டு இயந்திரவியல் மாணவன்