ஒட்டுக் கள்ளியைக் காப்பது எப்படி?



நர்சரிகளில் கையடக்கமான தொட்டியில், பச்சைத் தண்டின் உச்சியில் சிவப்பு அல்லது மஞ்சள் உருண்டையைத் தாங்கி நிற்கும் சிறு செடியை நீங்கள் பார்த்திருப்பீர்கள். 'மூன் காக்டஸ்' என்று அதனை அழைக்கின்றனர். உருண்டையைப் பூ என்று எண்ணுவோர் பலர். அது பூ அன்று. தனியான ஒரு கள்ளிச்செடி. அதனை வேறொரு கள்ளியின் மேல் ஒட்டியிருக்கின்றனர்.

உருண்டைக் கள்ளியின் தாயகம் தென் அமெரிக்காவிலுள்ள பராகுவே நாடு. அங்கே அது பசுமை கலந்த நிறத்தில்தான் வளரும். 1941-ஆம் ஆண்டு ஜப்பானில் வட்டனபே என்பவர் வளர்த்த நாற்றுகளிடையே சிவந்த நாற்றுகள் தோன்றின. அவற்றில் பச்சையம் இல்லை. பச்சையம் இல்லையேல் ஒளிச்சேர்க்கை இல்லை. ஒளிச்சேர்க்கை இல்லையேல் உணவும் இல்லை என்பது நாம் பாடத்தில் படித்ததே. எனவே அவற்றைப் பச்சைக் கள்ளியின் மேல் ஒட்டிப் பிழைக்க வைத்தனர். இன்று தென் கொரியாவில் இச்செடிகளைப் பெருமளவில் வளர்த்து வெளிநாடுகளுக்கு அனுப்புகின்றனர்.

நம் வீடுகளில் ஒட்டு மாமரம் உண்டு. அதில் மேலே உள்ள ஒட்டுத்தண்டு இலைகள் விட்டு உணவு தயாரித்து வேருக்கு அனுப்பும். வேர் நீரை மேலே அனுப்பும். இருவருக்கும் பங்கு உண்டு. ஒட்டுக் கள்ளியிலோ நீரையும் உணவையும் பச்சைத் தண்டே கொடுக்கிறது. சிவப்புத் தலை வாங்கிக்கொள்வதோடு சரி. இதனை நினைவில் வைத்தால் வளர்ப்பு முறை தானே விளங்கும்.

மண்: மூன்று பட்டை கொண்ட அந்தத் தண்டு பெரும்பாலும் டிராகன் பழக் கொடியின் இனம். அதன் வேரில் நீர் தேங்கக் கூடாது. செம்மண், பருமணல், நன்கு மக்கிய எரு ஆகியவற்றைச் சம அளவில் கலந்து, அடியில் துளையுள்ள மண்தொட்டியில் இடுக.

வெயில்: தண்டுக்கு வெளிச்சம் வேண்டும், பச்சையமற்ற தலையோ உச்சி வெயிலில் வெந்துவிடும். ஆகவே காலை இளவெயில் படும் கிழக்கு ஜன்னலே ஏற்ற இடம். அக்னி நட்சத்திர நாட்களில் தொட்டியை மொட்டை மாடியில் வைக்காதீர்கள்.

நீர்: விரலை மண்ணில் விட்டுப் பாருங்கள். முழுவதும் காய்ந்திருந்தால் மட்டும் ஊற்றுங்கள். கோடையில் பத்து நாட்களுக்கு ஒரு முறை போதும். தலையின் மேல் ஊற்றாமல் மண்ணில் ஊற்றுக. சென்னைப் பகுதியில் ஆண்டு மழையில் பாதிக்கு மேல் அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான வடகிழக்குப் பருவமழையாகப் பெய்கிறது. காற்றும் ஈரமாக இருக்கும். அப்பொழுது தொட்டியை மழை படாத தாழ்வாரத்தில் வைத்து, மூன்று நான்கு வாரங்களுக்கு ஒரு முறை சிறிதளவு நீர் விட்டாலே போதும். தாகத்தால் சாகும் கள்ளியைவிட அழுகிச் சாகும் கள்ளியே அதிகம்.

கண்காணிப்பு: தண்டின் பக்கத்தில் பச்சைத் துளிர் வந்தால் கிள்ளிவிடுங்கள், தலைக்குச் செல்லும் சத்தை அது எடுத்துக்கொள்ளும். பஞ்சுபோல் வெள்ளையாக மாவுப்பூச்சி தெரிந்தால், ஸ்பிரிட்டில் நனைத்த பஞ்சினால் துடைத்து எடுங்கள்.

தண்டின் அடி மெத்தென்று பழுப்பானால், தலை எவ்வளவு சிவப்பாக இருப்பினும் ஆபத்து என்று அறிக. அழுகல் தலையை எட்டுமுன் அதனை அறுத்து, புதிய தண்டில் ஒட்டலாம். சுத்தமான பிளேடினால் இரண்டையும் சமமாக வெட்டி, நடுவிலே தெரியும் வட்டங்கள் ஒன்றையொன்று தொடுமாறு வைத்து, ரப்பர் வளையத்தால் தொட்டியோடு சேர்த்துக் கட்ட வேண்டும். அந்த வட்டங்களில்தான் நீரும் உணவும் செல்லும் குழாய்கள் உள்ளன. இரண்டு வாரம் நிழலில் வைத்து, வெட்டுவாயில் நீர் படாமல் காக்க வேண்டும். மழையில்லாத பிப்ரவரி, மார்ச் மாதங்கள் இதற்கு நல்லவை. பிளேடைப் பெரியவர்கள் கையில் கொடுங்கள்.

நம் ஊர் வேலியில் நிற்கும் திருகுகள்ளியில் ஒட்டலாமே என்று சிலர் கேட்கக்கூடும். அது பால் வடியும் வேறு குடும்பத்துச் செடி, ஒட்டு பிடிக்காது.

நன்கு பேணினாலும் இச்செடி பெரும்பாலும் சில ஆண்டுகளே வாழும். தண்டும் தலையும் ஒரே வேகத்தில் வளராததே காரணம். பக்கத்தில் தோன்றும் சிறு உருண்டைகளைப் புதிய தண்டுகளில் ஒட்டி வைத்தால் அதன் வழி தொடரும்.

எனவே தோழியரே, ஒட்டுக் கள்ளி வாங்கும்போது நிறத்தைப் பார்த்து மயங்காமல், முதலில் தண்டைத் தொட்டுப் பாருங்கள். அது உறுதியாகவும் பசுமையாகவும் இருந்தால் வாங்குங்கள். வீட்டிற்கு வருவோர் சிவப்புத் தலையைப் புகழட்டும். வளர்க்கும் நாம் நாள்தோறும் பார்க்க வேண்டியது அதனைச் சுமக்கும் தண்டையே.

பத்தாம் வகுப்பு மாணவி,
சிறுசேரி