பத்தாண்டுத் தவணையும் பாதிக் கடனும்

கடற்கரை நிலையத்துக்கும் தாம்பரத்துக்கும் இடையே 1931ஆம் ஆண்டில் மின்சார ரயில் ஓடத் தொடங்கியதிலிருந்தே, உத்தியோகம் பட்டினத்தில், குடித்தனம் புறநகரில் என்ற ஏற்பாடு தென்பகுதி மத்தியதர வர்க்கத்தாருக்குப் பழகிப்போயிற்று. ஆயினும் மனை வாங்கி வீடு கட்டுவதென்பது வெகுகாலம் வரையில், ஓய்வுபெறும் தறுவாயில் கைக்கு வரும் சேமநிதிப் பணத்தைக் கொண்டு தலை நரைத்த பிறகு செய்யும் காரியமாகவே இருந்து வந்தது. 1977இல் எச்.டி. பரேக் பம்பாயில் எச்.டி.எப்.சி. நிறுவனத்தைத் தொடங்கி, மாதச் சம்பளக்காரருக்கும் நீண்டகால வீட்டுக் கடன் கொடுக்கலாம் என்று காட்டிய பின்னர் இந்த வரிசை மெல்ல மெல்லத் தலைகீழாயிற்று. ஐந்து நகராட்சிகளும் ஐந்து பேரூராட்சிகளும் ஒன்றுசேர்ந்து 2021 நவம்பரில் மாநகராட்சியாகிவிட்ட இன்றைய தாம்பரத்தில், சேலையூரிலோ பெருங்களத்தூரிலோ முப்பது வயதை ஒட்டி அடுக்ககத்தில் ஒரு வீடு வாங்கிவிட்டு, ஐம்பது வயது வரையில் அதற்குத் தவணை கட்டும் குடும்பங்கள் சர்வசாதாரணம். இந்த மாறுதலை நான் குறைகூற வரவில்லை. ஆனால் கடனின் சுபாவத்தைப் பற்றி அண்டை அயலிலும் அலுவலகத்திலும் பிரமாணம் போலப் பேசப்படும் அபிப்பிராயங்களில் சில, கணக்கின் முன்னே ஒரு நிமிஷமும் நிற்கமாட்டாதவை என்பதையும், அவற்றை நம்பியவர்களுக்கு நஷ்டம் லட்சக்கணக்கில் வருகிறது என்பதையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

இவற்றுள் மிகப் பரவலானது, இருபது வருஷக் கடனில் பத்து வருஷம் கட்டிவிட்டால் பாதிக் கடன் தீர்ந்தது என்னும் நம்பிக்கை. நாற்பது லட்சம் ரூபாயை 8.5 சதவீத வட்டியில் இருபது ஆண்டுக்கு வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்வோம். அவருடைய மாதத் தவணை 34,713 ரூபாய். வங்கி தரும் கடன் அட்டவணையின் முதல் வரியைப் பார்த்தால், அந்தத் தொகை இரண்டாகப் பிரிந்து, வட்டிப் பத்தியில் 28,333 என்றும் அசல் பத்தியில் 6,380 என்றும் நிற்கும். அதாவது, முதல் மாதம் சம்பளத்திலிருந்து எடுத்துக் கொடுத்த ஐந்து ரூபாயில் நான்கு ரூபாய்க்கு மேல் வட்டிக்கே போய்விட்டது. இப்படியே தவறாமல் 120 மாதம், மொத்தம் 41 லட்சத்து 65 ஆயிரம் ரூபாய்க்கு மேல், அதாவது வாங்கிய கடனைவிட அதிகமாகவே கட்டி முடித்த பிறகு, அட்டவணையின் கடைசிப் பத்தியில் நிற்கும் பாக்கி ஏறத்தாழ 28 லட்சம்! பத்து வருஷத்தில் குறைந்த அசல் பன்னிரண்டு லட்சம்தான். பாக்கி இருபது லட்சத்துக்கு இறங்க வேண்டுமானால் பதின்மூன்று வருஷம் பத்து மாதம் காத்திருக்க வேண்டும். இடையில் வேலை மாற்றலாகி, பத்தாவது ஆண்டில் வீட்டை விற்க நேர்ந்தவர்கள், பாக்கித் தொகையைக் கேட்டுத் திடுக்கிடுவது இதனால்தான்.

இந்த அட்டவணையைக் கண்டவுடன் எதிர்த் திசையில் இன்னொரு தவறான எண்ணம் முளைக்கிறது. “வங்கிக்காரன் தன்னுடைய வட்டியை முதலில் சுருட்டிக்கொள்கிறான் சார், நம்ம அசலை அப்புறந்தான் தொடுவான்” என்று ரயிலில் பக்கத்து இருக்கைக்காரர் சொல்லக் கேட்டிருக்கிறேன். சுற்றியிருந்த நாலு பேரும் தலையை ஆட்டினார்கள். உண்மையில் இதில் சூழ்ச்சி ஏதுமில்லை. பாக்கி நிற்கும் அசல் எவ்வளவோ, அதற்கு அந்த மாதத்து வட்டி மட்டுமே கணக்கிடப்படுகிறது. ஆரம்பத்தில் பாக்கி பெரிதாகையால் வட்டியும் பெரிது, முடிவில் பாக்கி சிறிதாகையால் வட்டியும் சிறிது. தவணையை மட்டும் இருபது வருஷமும் ஒரே அளவாக வைத்திருப்பதனால், வட்டி போக மிஞ்சுவது முதலில் சொற்பமாகவும் பிறகு கணிசமாகவும் அமைகிறது. இருபது ஆண்டில் கட்டும் மொத்தம் 83 லட்சத்து 31 ஆயிரம் என்று கூட்டிப் பார்த்து, 43 லட்சம் கொள்ளை போயிற்று என்று புலம்புவதும் முழு நியாயமன்று. இருபதாம் வருஷத்து ரூபாயும் இன்றைய ரூபாயும் ஒரே மதிப்புடையவை அல்லவே; சம்பளம் ஏற ஏற அதே 34,713 ரூபாயின் பாரம் குறைந்துகொண்டே வரும். ஆக, கவனிக்க வேண்டிய விஷயம் வட்டி விகிதம் ஒன்று மட்டுமன்று. அசல் எத்தனை காலம் தீராமல் நிற்கிறது என்பதே செலவை நிர்ணயிக்கிறது.

தவணை குறைந்தால் கடன் மலிவு என்ற எண்ணம் அடுத்தது. விற்பனைப் பிரதிநிதி மேஜைமேல் கணக்குப் பொறியைத் தட்டி, இருபதை முப்பதாக்கினால் தவணை 30,757க்கு இறங்குகிறது என்று காட்டும்போது, மாதம் நாலாயிரம் ரூபாய் லாபம் என்றே யாருக்கும் தோன்றும். ஆனால் அந்த நாலாயிரத்துக்காக மொத்த வட்டி 43 லட்சத்திலிருந்து 70 லட்சத்து 72 ஆயிரத்துக்கு ஏறுகிறது. கட்டும் மொத்தம் ஒரு கோடியே பத்து லட்சத்தைத் தாண்டுகிறது. வேறு வழியே இல்லாதவர் முப்பது வருஷத்தை ஏற்கலாம். ஏற்றவர் அதை மலிவு என்று மட்டும் எண்ணிக்கொள்ளலாகாது.

“வட்டி ஏறினால் என்ன, என் தவணை மாறவில்லையே” என்று நிம்மதியாக இருப்பவர்களே எல்லோரிலும் அதிகமாக இழப்பவர்கள் என்பது என் அபிப்பிராயம். 2020 மே மாதத்திலிருந்து இரண்டு ஆண்டு 4 சதவீதத்தில் அசையாமல் இருந்த ரெப்போ விகிதத்தை, அதாவது வங்கிகளுக்குத் தான் தரும் குறுகியகாலக் கடனின் வட்டியை, ரிசர்வ் வங்கி 2022 மே மாதத்தில் உயர்த்தத் தொடங்கி, 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதத்துக்குக் கொண்டுபோயிற்று. மலிவான அந்தக் காலத்தில் 6.75 சதவீதத்துக்கு நாற்பது லட்சம் வாங்கிய ஒருவருக்குத் தவணை 30,415 ரூபாய். ஒன்றரை வருஷம் கட்டிய பிறகு பாக்கி 38 லட்சத்து 50 ஆயிரம். கணக்கின் எளிமைக்காக, படிப்படியாக வந்த ஏற்றம் முழுவதும் அன்றே வந்ததாகக் கொண்டு வட்டியை 9.25 சதவீதமாக்கினால், ஒரு மாதத்து வட்டி மாத்திரமே 29,681 ரூபாய் ஆகிறது. தவணை பழைய 30,415ஆகவே இருந்தால், அசலில் கழிவது மாதம் 734 ரூபாய்! அந்த வேகத்தில் கடன் தீர இன்னும் நாற்பது ஆண்டு பிடிக்கும். வாங்கியவருக்கு முப்பத்தைந்து வயதென்றால், எழுபத்தைந்தில் கடன் தீர்கிறது. மாதாமாதம் குறுஞ்செய்தியில் வரும் தொகை மாறாதபடியால் இந்த மாறுதல் கண்ணிலேயே படுவதில்லை. கெடு என்னும் பத்தியை எவரும் திறந்து பார்ப்பதுமில்லை.

இவ்வாறு கடனாளியைக் கேளாமலே கெடுவை நீட்டும் வழக்கத்தைக் கண்டு, 2023 ஆகஸ்ட் 18ஆம் தேதி ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்திக்கொள்வதா, கெடுவை நீட்டிக்கொள்வதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தெரிந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருடையது. நிலையான வட்டிக்கு மாறிக்கொள்ளவும் வாய்ப்புத் தரவேண்டும் என்ற கட்டாயம் 2025 செப்டம்பர் வரையில் இருந்தது. எந்த நிலையிலும் தவணை, அந்த மாதத்து வட்டிக்குக் குறைந்து, அசல் வளரும்படி விடலாகாது. உரிமை இருக்கிறது, ஆனால் கேட்பவருக்கே அது பயன்படும்.

2025 பிப்ரவரியில் தொடங்கி ஜூன் மாதத்துக்குள் ரெப்போ விகிதம் 5.5 சதவீதத்துக்கு இறங்கியபோது, தம்முடைய வட்டியும் தானாகவே இறங்கிவிட்டதாக பலரும் கருதினார்கள். ஆனால் வங்கிகளிடம் 2019 அக்டோபர் முதல் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடன்களே ரெப்போ போன்ற வெளி அளவுகோலுடன் கட்டாயமாக இணைக்கப்பட்டவை. அதற்கு முந்திய கடன்கள் பல இன்னும் பழைய அளவுகோல்களிலேயே கிடக்கின்றன. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கோ இந்தக் கட்டாயமே கிடையாது, அவை தம் சொந்த விகிதத்தை வைத்து நடத்துகின்றன. ஆகையினால், தம்முடைய கடன் எந்த அளவுகோலைச் சார்ந்தது என்று கிளையில் ஒரு கடிதம் கொடுத்துக் கேட்பது அவசியம். சிறு கட்டணம் கட்டிப் புதிய விகிதத்துக்கு மாறிக்கொள்ள அநேகமாக வழி இருக்கும். வட்டி குறைந்த பிறகும் பழைய தவணையையே தொடர்ந்து கட்டுகிறவருக்குக் கெடு வேகமாகச் சுருங்கும்.

முன்கூட்டிக் கட்டினால் அபராதம் போடுவார்கள் என்ற பயம் இன்னமும் பெரியவர்களிடம் இருக்கிறது. மாறும் வட்டியிலுள்ள வீட்டுக் கடனுக்கு வங்கிகள் அவ்விதம் வசூலிக்கக் கூடாதென்று 2012 ஜூன் மாதத்திலேயே ரிசர்வ் வங்கி தடைசெய்துவிட்டது. நிலையான வட்டிக் கடன்களுக்குத்தான் ஒப்பந்தத்தைப் படித்துப் பார்க்க வேண்டும். 8.5 சதவீத வட்டியில் வாங்கிய நம்முடைய நாற்பது லட்சத்துக்காரர் முதலாண்டு முடிவில் போனஸ் பணம் ஒரு லட்சத்தைக் கடனில் கட்டினாரானால், கெடுவின் கடைசியிலிருந்து பதின்மூன்று தவணைக்கு மேல் மறைந்து, வட்டியில் ஏறக்குறைய மூன்றே முக்கால் லட்சம் மிச்சமாகும். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் ஐம்பதாயிரத்தைச் சுற்றித்தான். ஒவ்வோர் ஆண்டும் ஒரு தவணை கூடுதலாகக் கட்டிவந்தால், இருபது வருஷக் கடன் பதினாறே முக்கால் வருஷத்தில் முடிந்து, எட்டு லட்சத்துக்கு மேல் வட்டி குறைகிறது. ஆனால், கட்டும்போது “தவணையைக் குறைக்க வேண்டாம், கெடுவைக் குறையுங்கள்” என்று எழுதிக் கொடுக்க வேண்டும். இல்லையேல் கட்டிய பணத்தின் பலனில் பெரும்பகுதி கரைந்துபோகும். கையிருப்பு அனைத்தையும் கடனில் போட்டுவிட்டு ஆஸ்பத்திரிச் செலவுக்கு நகையை அடகு வைப்பதும் புத்திசாலித்தனமல்ல என்பதைச் சொல்லத் தேவையில்லை.

வருமான வரிச் சலுகை கிடைப்பதனால் கடனைத் தீர்க்காமல் வைத்திருப்பதே லாபம் என்று சொல்லும் கணக்குப்பிள்ளைகளுக்கும் பஞ்சமில்லை. முதலாண்டில் அதே நாற்பது லட்சத்துக்காரர் கட்டும் வட்டி 3 லட்சத்து 37 ஆயிரம். பழைய வரிமுறையில், தாம் குடியிருக்கும் வீட்டுக்கு அதில் கழித்துக்கொள்ளக் கூடியது 2 லட்சமே. முப்பது சதவீத வரி கட்டுபவருக்கும் இதனால் மிஞ்சுவது மேல்வரியையும் சேர்த்து 62,400 ரூபாய். புதிய வரிமுறையிலோ, குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குச் சலுகை அறவே இல்லை. அறுபதாயிரத்தை மீட்பதற்காக மூன்றேகால் லட்சத்துக்கு மேல் செலவழிப்பது எந்த ஊர்க் கணக்கு என்று எனக்கு விளங்கவில்லை.

கடன் தொகையோடு செலவு முடிந்ததென்று எண்ணுவதும் பிழையே. முப்பது லட்சத்துக்கு மேல் எழுபத்தைந்து லட்சம் வரையிலான கடனில் வீட்டு மதிப்பின் எண்பது சதவீதத்துக்கு மேல் வங்கி தரக்கூடாது. பத்திரச் செலவை மதிப்பில் சேர்த்துக் கணக்கிடுவதும் பொதுவாக இல்லை. மனைக்கும் பழைய வீட்டுக்கும் கிரயப் பத்திரம் பதிய, முத்திரைத் தீர்வை 7 சதவீதமும் 2023இல் நாலிலிருந்து குறைக்கப்பட்ட பதிவுக் கட்டணம் 2 சதவீதமும் கையிலிருந்தே போக வேண்டும். இந்தப் பள்ளத்தை அடைக்க, நகைக்கடனும் தனிநபர்க் கடனும் வாங்குகிறவர்கள் வீட்டுக் கடனின் வட்டியை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டு, அதைவிட உயர்ந்த வட்டியில் வளரும் இவற்றை மறந்துவிடுகிறார்கள்.

கடைசித் தவணை கட்டிப் பத்திரத்தைக் கையில் வாங்கிவிட்டால் எல்லாம் முடிந்தது என்ற நம்பிக்கையை, தாம்பரம் சார்பதிவாளர் அலுவலகத்துப் பத்திர எழுத்தர்கள் நாள்தோறும் மறுத்துக்கொண்டிருக்கிறார்கள். மூலப்பத்திரத்தை ஒப்படைத்து அடமானம் வைக்கும் முறையை, 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் ஆதியில் கல்கத்தா, சென்னை, பம்பாய், கராச்சி, ரங்கூன் ஆகிய ஐந்து பட்டினங்களுக்கே பெயர் சொல்லி அனுமதித்திருந்தது. செங்கற்பட்டு ஜில்லாவில் அந்நாளில் ஒரு கிராமமாயிருந்த தாம்பரத்துக்காரர், தம் பத்திரத்தை எடுத்துக்கொண்டு பட்டினத்துக்கு வந்துதான் ஒப்படைத்திருக்க வேண்டும். இன்று அந்த ஒப்படைப்பு ‘எம்.ஓ.டி.’ என்ற பெயரில் பதிவு செய்யப்பட்டு வில்லங்கச் சான்றில் ஏறிவிடுகிறது. கடன் தீர்ந்தால் அது தானாக இறங்குவதில்லை. வங்கி அதிகாரி கையொப்பமிடும் ரசீது ஆவணத்தைச் சார்பதிவாளரிடம் பதிந்தால்தான் இறங்கும். மூலப்பத்திரங்களை முப்பது நாளுக்குள் திருப்பித் தரவேண்டும் என்றும், தம் தவறினால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் நஷ்டஈடு தரவேண்டும் என்றும் 2023 டிசம்பர் முதல் கடன் கொடுத்தவர்களுக்கு விதி இருக்கிறது. ரசீதைப் பதிந்த பிறகு, புதிய வில்லங்கச் சான்று ஒன்று எடுத்து, எம்.ஓ.டி. வரிக்குக் கீழே ரசீதின் பதிவு எண் ஏறியிருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.