அவரைக்காய்ப் பொரியல்

மக்கள் உயிர்வாழ்தற்கு இன்றியமையாதன உணவு, உடை, உறையுள் என்னும் மூன்றாம். அம்மூன்றனுள்ளும் முதற்கண் வைத்து எண்ணப்படுவது உணவே. எனினும், உணவு சமைக்கும் தொழிலை ஓர் அறிவாக மதித்துக் கற்பவர் சிலரே. விருந்தில் படைக்கப்பெறும் பலவகைப் பண்டங்களைப் புகழ்ந்து பேசுவோர், நாள்தோறும் சோற்றின் அருகே சிறிதளவாக வைக்கப்பெறும் தொடுகறியைப் பற்றி எண்ணிப் பார்ப்பதில்லை. ஆயினும், அச்சிறு தொடுகறியினுள்ளே உழவரின் உழைப்பும், நிலத்தின் இயல்பும், இல்லத்தாரின் பட்டறிவும் ஒருங்கே அடங்கியுள்ளன. அவரைக்காய்ப் பொரியல் இவ்வுண்மைக்குத் தக்கதோர் எடுத்துக்காட்டாகும்.

மதுரை மாவட்டத்தின் மேற்கே, பேரையூர் வட்டத்தில், எழுமலை என்னும் ஊர் உள்ளது. உசிலம்பட்டிக்குத் தென்மேற்கே அமைந்த இவ்வூரிலிருந்து மேற்றிசை நோக்கின், மேற்குத் தொடர்ச்சி மலை நீலநிறத் திரைபோல் தோன்றும். அம்மலை தென்மேற்குப் பருவக்காற்றின் மழையைப் பெரும்பாலும் தன் மேற்புறத்திலேயே தடுத்து நிறுத்திவிடுகின்றது. ஆதலின், இப்பகுதி உழவர் ஐப்பசி, கார்த்திகைத் திங்களில் பெய்யும் வடகிழக்குப் பருவமழையையே பெரிதும் நம்பி வாழ்கின்றனர். 1895ஆம் ஆண்டில் முல்லைப் பெரியாற்று அணை திறக்கப்பட்டபின், வையைச் சமவெளியின் வயல்கள் பல நெல் விளையும் நன்செய்களாயின. மலையடிவாரத்துச் சிற்றூர்களோ கண்மாயையும், கிணற்றையும், வானத்தையும் நம்பிய புன்செய்களாகவே நின்றன. நெல்லுக்குப் போதிய நீர் இல்லாத இத்தகைய நிலத்திற்கு உற்ற துணையாய் அமைந்தவை தினையும், சோளமும், பயறு வகைகளுமே. அவற்றுள் அவரையும் ஒன்று.

அவரை தமிழர்க்குப் புதியதன்று. தென்னாட்டின் புதிய கற்கால ஊர்களில் நிகழ்ந்த அகழாய்வுகளில் அவரை விதைகள் கிடைத்துள்ளன. சங்கச் சான்றோரும் இதனை நன்கு அறிந்திருந்தனர். பாரியின் பறம்பு நாட்டு வளத்தைப் புறநானூற்றின் 120ஆம் பாட்டில் கபிலர் கூறுமிடத்து, தினை கொய்யப்படும் காலத்தில் அவரைக்காயும் பறிக்கும் பருவம் எய்துதலைக் குறிப்பிடுகின்றார். அந்நூலின் 335ஆம் பாட்டில், வன்புலத்து மக்கள் தம் உணவாகக் கொண்ட வரகு, தினை, கொள்ளு என்னும் மூன்றனோடு அவரையையும் நான்காவதாக வைத்து எண்ணுகின்றார் மாங்குடி கிழார். குறுந்தொகையின் 82ஆம் பாட்டோ, தினை கொய்த தாளில் அவரைக்கொடி படர்ந்து பூக்கும் பனிக்காலத்தைச் சுட்டுகின்றது.

பனிக்காலத்தில் அவரை பூக்கும் என்பது புலவரின் கற்பனை அன்று. செடியின் இயல்பை உற்று நோக்கி அறிந்த உண்மையாகும். பழைய கொடியவரை வகைகள் பகற்பொழுது குறைந்து இராப்பொழுது நீளும் காலத்திலேயே பூக்கும் தன்மையுடையன. ஆடித் திங்களில் விதை ஊன்றினாலும், கொடி படர்ந்து இலை தழைத்து நிற்குமேயன்றி உடனே பூவாது. ஐப்பசி கழிந்து பனி இறங்கத் தொடங்கியபின், வெண்மையும் ஊதாவுமான பூங்கொத்துகள் பந்தலின்மேல் நிமிர்ந்து தோன்றும். மார்கழியிலும் தையிலும் காய் மிகுதியாகக் கிடைக்கும். பகற்பொழுதின் அளவைச் சாராது எப்பருவத்தும் காய்க்கும் குற்றுச்செடி வகைகளைக் கோயம்புத்தூர் வேளாண்மைப் பல்கலைக்கழகத்தார் பிற்காலத்தில் உருவாக்கியுள்ளனர். இன்று ஆண்டு முழுவதும் அவரை கிடைத்தற்கு இஃது ஒரு காரணமாகும்.

அவரைக்கு மற்றொரு சிறப்பும் உண்டு. பிற பயிர்கள் நிலத்தின் உரத்தை உண்டு வளர்வன. அவரையோ உண்பதோடு உரம் ஊட்டவும் வல்லது. இதன் வேரில் சிறு முடிச்சுகள் காணப்படும். அவற்றுள் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள நைட்ரசனைக் கவர்ந்து, செடிக்கு ஏற்ற உரமாக மாற்றித் தருகின்றன. பயறுவகைச் செடிகளின் இவ்வியல்பை 1888ஆம் ஆண்டில் ஜெர்மன் நாட்டு அறிஞர்களாகிய ஹெல்ரீகல், வில்பார்த் என்னும் இருவர் ஆய்வால் நிறுவினர். ஆராய்ச்சிக்கூடம் அறியாத நம் உழவர், தினைக்கும் சோளத்திற்கும் இடையே அவரையை ஊன்றி, இதன் பயனைக் காலங்காலமாக நுகர்ந்து வந்தனர்.

இனி, காயைச் சமைக்கும் முறையைக் காண்போம். நல்ல பொரியல் அடுப்பில் தொடங்குவதில்லை, பந்தலிலேயே தொடங்குகின்றது. அவரையின் வளர்ச்சியில் பூ, பிஞ்சு, காய், முற்றல், நெற்று எனப் பல நிலைகள் உண்டு. பிஞ்சில் சுவை நிரம்பியிராது. முற்றலில் தோல் தடித்து நார் மிகும். உள்ளிருக்கும் விதை சிறிதே புடைத்துத் தோன்ற, தோல் பசுமை மாறாது, வளைத்தால் ‘சடக்’கென ஒடியும் காயே பொரியலுக்கு உரியது. வளைத்தும் ஒடியாது துவளும் காய் வாடியது என்று அறிக. சிறு துளையுடைய காயினுள் புழு இருத்தல் கூடும். அதனை நீக்குதல் வேண்டும்.

நால்வர் உண்பதற்குக் கால் கிலோ அவரைக்காய் போதும். அதனை இருமுறை நீரில் அலசி எடுத்தபின், காம்பைச் சிறிது ஒடித்துக் கீழ்நோக்கி இழுத்தால் விளிம்பிலுள்ள நார் தானே பிரிந்து வரும். மறுமுனையையும் அவ்வாறே ஒடித்து, எதிர்ப்புற நாரையும் நீக்குதல் வேண்டும். நார் நீக்காத பொரியல் எத்துணைச் சுவையுடையதாயினும் உண்பார்க்குத் துன்பமே தரும். பின்னர்க் காயை அரிவாள்மணையில் விரல்நகம் அளவுள்ள சிறு துண்டுகளாக நறுக்கிக்கொள்ளல் வேண்டும்.

இப்பணி நிகழும் இல்லமொன்றை மனக்கண்முன் கொள்வோம். முதியவள் ஒருத்தி காய் அலசிக்கொண்டிருக்கிறாள். பள்ளியினின்று திரும்பிய பேரன் அவளருகே அமர்ந்து வினவுகின்றான்.

“அப்பத்தா, காயை முதலில் நறுக்கிவிட்டுப் பின்பு கழுவினால் என்ன?”

“அப்படிச் செய்யலாகாது, ஐயா. நறுக்கிய வாயில் நீர் பட்டால் சத்தெல்லாம் அந்நீரோடு போய்விடும். கழுவிய பிறகே கத்தி படவேண்டும்.”

“நார் உரிப்பது பெண்பிள்ளைகள் வேலை என்று என் தோழர் நகைப்பார்களே, அப்பத்தா?”

“நகைப்பவர்க்கும் நாள்தோறும் பசிக்கும் அல்லவா, ஐயா? தன் பசிக்குத் தானே ஒரு கறி சமைக்கத் தெரிந்தவன் எந்த ஊருக்குச் சென்றாலும் வருந்தமாட்டான். இந்தா, இந்தக் காயை நீ உரி.”

அம்முதியவள் வேதியியல் கற்றவள் அல்லள். ஆயினும் அவள் கூற்று வேதியியலுக்கு முற்றும் இயைந்தது. காய்களிலுள்ள ‘சி’ வைட்டமினும், ‘பி’ வகை வைட்டமின்கள் பலவும் நீரில் கரையும் இயல்பின. நறுக்கிய துண்டுகளை நீரில் ஊறவிட்டாலும், மிகுந்த நீரில் வேகவைத்து அந்நீரை வடித்துவிட்டாலும், அச்சத்துகள் வீணாகும். காய்க்கு வேண்டிய அளவு நீரே விட்டு, அந்நீர் காயிலேயே சுவறும்படி வேகவைத்தல் நம் இல்லங்களில் வழங்கும் நன்முறை.

அடுப்பில் வாணலியை ஏற்றி, இரண்டு தேக்கரண்டி நல்லெண்ணெயோ கடலையெண்ணெயோ விட்டுக் காயவிடுதல் வேண்டும். எண்ணெய் காய்ந்தபின் அரைத் தேக்கரண்டி கடுகு இடுக. அது வெடித்து அடங்கியதும், ஒரு தேக்கரண்டி உளுத்தம்பருப்பு இட்டுப் பொன்னிறமாக வறுக்க. கிள்ளிய வற்றல் மிளகாய் இரண்டும், கறிவேப்பிலை ஓர் ஈர்க்கும், நறுக்கிய சின்ன வெங்காயம் எட்டும் சேர்த்து வதக்க. இம்முறை மாறுதல் கூடாது. பருப்பை முதலில் இட்டால், கடுகு வெடிக்குமுன் அது கருகிவிடும். கடுகு வெடியாமல் விடப்பட்டால் கறியில் கசப்புத் தோன்றும்.

வெங்காயம் வதங்கியதும் அவரைத் துண்டுகளையும் ஒரு சிட்டிகை மஞ்சள்தூளையும் இட்டு இரண்டு மணித்துளி கிளறுக. அதன்பின் கால் குவளை நீர் தெளித்து, அளவாக உப்பிட்டு, சிறு தீயில் வேகவிடுக. முதலில் சிறிது நேரம் வாணலியைத் திறந்தே வைத்துப் பின்னர் மூடுதல் நன்று. இளங்காயாயின் எட்டு அல்லது பத்து மணித்துளிகளில் வெந்துவிடும். துண்டொன்றை எடுத்து விரலால் அழுத்தின் அது நசுங்குதல் வேண்டும். ஆனால் குழைதல் கூடாது. நீர் முற்றும் வற்றியபின் மூன்று கரண்டி தேங்காய்த் துருவலைத் தூவி, ஒருமுறை கிளறி இறக்குக. தேங்காய் நெடுநேரம் தீயில் இருந்தால் அதன் இனிமை குன்றும்.

வாணலியை முதலில் திறந்து வைப்பது ஏன் என்று சிலர் வினவலாம். காயின் பசுமைக்குக் காரணம் பச்சையம் என்னும் நிறப்பொருள். காய் வேகும்போது அதனுள்ளிருந்து சில அமிலங்கள் வெளிப்படும். அவை பச்சையத்திலுள்ள மெக்னீசியத்தை நீக்கிவிட, பசுமை மாறிப் பழுப்பு நிறம் தோன்றுகின்றது. மூடி திறந்திருப்பின் அவ்வமிலங்களுள் ஒரு பகுதி ஆவியோடு அகன்றுவிடும். நெடுநேரம் மூடி வேகவைத்த காய் நிறம் மங்குவதற்கும், புளி சேர்ந்த காய் பசுமை இழப்பதற்கும் இதுவே காரணம். பசுமை கெடாதிருக்கச் சமையற்சோடா இடுவாரும் உளர். அதனால் நிறம் நிற்கும், வைட்டமின்களோ அழியும். கண்ணுக்கு அழகு தந்து உடலுக்கு இழப்பைத் தரும் அவ்வழக்கம் விலக்கத்தக்கது.

நூறு கிராம் பச்சை அவரைக்காயில் ஏறத்தாழ 4 கிராம் புரதம் உண்டு. உலர்ந்த விதையிலோ அஃது ஏறத்தாழ 25 கிராம் அளவினதாகும். இறைச்சியும் பாலும் நாள்தோறும் வாங்க இயலாத குடும்பத்தார்க்கு இஃது எத்துணைப் பெரிய துணை என்பது கூறாமலே விளங்கும். ஆனால் ஒன்றை மறத்தலாகாது. உலர்ந்து முற்றிய அவரை விதையில் உடலுக்குத் தீங்கு செய்யும் பொருள்கள் உள்ளன. ஆதலின், அதனைப் பச்சையாக உண்ணலாகாது. இரவு முழுவதும் ஊறவைத்து, அந்நீரைக் கொட்டிவிட்டு, புதுநீரில் நன்கு வேகவைத்து, வெந்த நீரையும் வடித்தபின்னரே குழம்பிலும் கூட்டிலும் சேர்த்தல் வேண்டும். நீரை வடித்தல் கூடாது என்பது பசுங்காய்க்கு உரிய விதி. நீரை வடித்தல் வேண்டும் என்பது உலர்விதைக்கு உரிய விதி. பொருளின் இயல்பை அறிந்து முறையை மாற்றிக்கொள்வதே சமையலில் அறிவுடைமையாகும்.

இன்று கடைகளில் பீன்ஸ் என்னும் காய் மிகுதியாகக் கிடைக்கின்றது. அஃது அமெரிக்கக் கண்டத்தில் தோன்றி, ஐரோப்பியர் வாயிலாக இந்நாட்டிற்கு வந்தது. கோடைக்கானல், நீலகிரி முதலிய குளிர்ந்த மலைநிலங்களில் அது செழித்து விளைகின்றது. அதனையும் மேற்கூறிய முறையிலேயே பொரியலாகச் சமைக்கலாம். வந்த காயை வரவேற்றல் நன்றே. ஆயின், வந்ததனைப் போற்றும்போது இருந்ததனை இழந்துவிடலாகாது. பட்டையவரை, சிவப்பவரை எனப் பலவகை அவரைகள் முன்னர் வீட்டுப் பந்தல்களில் படர்ந்திருந்தன. கொல்லைகள் குறைந்து, விதையையும் விலைக்கே வாங்கும் வழக்கம் பெருகியமையால், அவற்றுட் சில அருகி வருகின்றன.

அவற்றைக் காத்தல் அரிய செயலன்று. அவரை பெரும்பாலும் தன் மகரந்தத்தாலேயே கருவுறும் பயிர். ஆதலின், நல்ல கொடியின் விதையை ஊன்றினால் பெரும்பாலும் அதனை ஒத்த கொடியே முளைக்கும். நோயற்ற கொடி ஒன்றைத் தேர்ந்து, அதன் காய்கள் சிலவற்றைப் பறியாது நெற்றாக விடுதல் வேண்டும். அவை கொடியிலேயே உலர்ந்தபின் விதையை எடுத்து, வெயிலில் காயவைத்து, செம்மண் குழம்பு பூசி மீண்டும் உலர்த்திக் கலயத்தில் இட்டு வைப்பது தென்மாவட்ட உழவர் பலர் கையாண்ட முறை. மண்பூச்சு பயற்று வண்டு துளைக்காதவாறு விதையைக் காக்கும். அசுவினி கொடியைப் பற்றினால், விடியற்காலையில் பனியீரம் உலருமுன் அடுப்புச் சாம்பலைத் தூவி அதனை அடக்குவர்.

எட்டு விதையும், நான்கு கழியும், வீட்டார் பாத்திரம் கழுவிய நீரும் இருப்பின் ஒரு பந்தல் அவரை வளர்ந்துவிடும். அக்கொடி ஒரு குடும்பத்திற்குப் பல நாள் கறி தரும். தான் நின்ற மண்ணுக்கு உரம் தரும். மறு ஆண்டிற்கு விதையும் தரும். விதை ஊன்றுதல், உரிய பதத்தில் காய் பறித்தல், சத்துக் கெடாமல் சமைத்தல், அடுத்த பருவத்திற்கு விதை காத்தல் ஆகிய நான்கையும் மாணவரும் மாணவியரும் வேறுபாடின்றிக் கற்றல் வேண்டும். பள்ளித் தோட்டத்தில் ஓர் அவரைப் பந்தல் அமைத்து, அக்கல்வியை இவ்வாடியிலேயே தொடங்கலாம்.